அலெக்ஸ் ட்ரெபெக்: எந்தத் திரையிலும் அலெக்ஸ் ட்ரெபெக்காகவே வந்தவர் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யார் இந்த அலெக்ஸ் ட்ரெபெக்?

அமெரிக்காவின் 'ஜெப்பர்டி!' என்ற தொலைக்காட்சி வினாடி வினாவை 1984 முதல் 2020இல் இறக்கும்வரை நடத்தியவர். மொத்தம் 37 சீசன்கள், 8,200க்கும் மேற்பட்ட நிகழ்ச்சிகள். வார நாள்களில் தினமும் அரை மணி நேரம் அவர் குரல் ஒலித்த வீடுகளில் பிறந்த குழந்தைகள், வளர்ந்து அதே நிகழ்ச்சிக்குப் போட்டியாளர்களாகப் போயிருக்கிறார்கள்.

நடிகர் அல்லர். ஆனாலும் திரைப்படங்களிலும் தொடர்களிலும் ஏராளமாகத் தலைகாட்டியிருக்கிறார். அநேகமாக எல்லாவற்றிலும் அவருடைய வேடம் ஒன்றுதான்: அலெக்ஸ் ட்ரெபெக்.

'ஜெப்பர்டி!' மற்ற வினாடி வினாக்களிலிருந்து எப்படி வேறுபடுகிறது?

அங்கே தொகுப்பாளர் விடையைச் சொல்வார்; போட்டியாளர் அதற்குரிய கேள்வியைச் சொல்ல வேண்டும். தொகுப்பாளர் '5,280' என்று சொன்னால், 'ஒரு மைலுக்கு எத்தனை அடி?' என்பதுதான் சரியான பதில். இரண்டாம் சுற்றில் கேள்வி வடிவில் சொல்லத் தவறினால், தெரிந்த விஷயமானாலும் பணம் கிடைக்காது.

இந்தத் தலைகீழ் ஏற்பாட்டுக்குப் பின்னால் ஒரு ஊழல் இருக்கிறது. 1950களில் அமெரிக்காவின் புகழ்பெற்ற வினாடி வினாக்கள் சிலவற்றில் போட்டியாளர்களுக்கு விடைகள் முன்கூட்டியே கொடுக்கப்பட்டது அம்பலமானது. நாடாளுமன்ற விசாரணை நடந்தது. 1960இல் வினாடி வினாவில் மோசடி செய்வதையே கூட்டரசுக் குற்றமாக்கிச் சட்டம் திருத்தப்பட்டது. அந்த வகை நிகழ்ச்சியின் மேலேயே மக்களுக்கு நம்பிக்கை போயிருந்த காலத்தில், மெர்வ் கிரிஃபின் என்ற தயாரிப்பாளரிடம் அவருடைய மனைவி ஜூலன் ஒரு விமானப் பயணத்தின்போது யோசனை சொன்னார்: போட்டியாளர்களுக்கு விடையைக் கொடுத்துவிட்டால் என்ன? மேலே சொன்ன 5,280 அவர் அப்போது சொன்ன உதாரணம்தான். விடையைக் கொடுத்ததற்காகத்தானே இத்தனை வம்பு, இதோ நாங்களே எல்லார் முன்னிலையிலும் கொடுக்கிறோம் என்கிற குறும்பு அதில் இருக்கிறது.

1964 மார்ச் 30 அன்று என்.பி.சி.யில் தொடங்கிய அந்த நிகழ்ச்சியை 1975 வரை நடத்தியவர் ஆர்ட் ஃபிளெமிங். ட்ரெபெக் வந்தது 1984 செப்டம்பர் 10 அன்று தொடங்கிய புது வடிவத்துக்கு.

அவர் அமெரிக்கரா?

பிறப்பால் கனடியர். 1940 ஜூலை 22 அன்று ஒன்டாரியோ மாகாணத்தின் சட்பரி நகரில் பிறந்தார். நிக்கல் சுரங்கங்களுக்குப் பேர்போன ஊர் அது. தந்தை உக்ரைனிலிருந்து வந்து குடியேறிய சமையல்காரர். தாய் பிரெஞ்சு கனடியர். வீட்டில் ஆங்கிலம், பிரெஞ்சு இரண்டும் புழங்கின. அமெரிக்கக் குடியுரிமை பெற்றது 1998இல், அதாவது 'ஜெப்பர்டி!'யோடு அமெரிக்கர்களின் வரவேற்பறைக்குள் வந்து 14 ஆண்டுகள் கழிந்த பிறகு. கனடாவும் அவரை விட்டுக்கொடுக்கவில்லை. 2017இல் 'ஆர்டர் ஆஃப் கனடா' விருது அளித்தது.

சிறுவயதிலேயே தொலைக்காட்சிக் கனவு இருந்ததா?

அப்படித் தெரியவில்லை. ஒட்டாவா பல்கலைக்கழகத்தில் தத்துவம் படித்துப் பட்டம் பெற்றவர். அதற்கு முன் ஒரு ராணுவக் கல்லூரியில் சேர்ந்து, தலைமுடியை ஒட்ட வெட்டச் சொன்னார்கள் என்பதற்காகச் சில நாள்களிலேயே வெளியேறிவிட்டார். தலைமுடியில் இத்தனை பிடிவாதம் கொண்டவர் பின்னாளில் மீசைக்காகவே செய்தியில் அடிபட்டதைப் பார்த்தால் சிரிப்பு வருகிறது.

படிக்கும்போதே கனடா ஒலிபரப்புக் கழகத்தில் வேலைக்குச் சேர்ந்தார். இரண்டு மொழிகளிலும் தங்குதடையின்றிப் பேச வந்ததால் செய்தி, வானிலை, விளையாட்டு எனக் கிடைத்ததையெல்லாம் வாசித்தார். 1963இல் இளைஞர்களுக்கான இசை நிகழ்ச்சி ஒன்று, பிறகு பள்ளி மாணவர்களுக்கான வினாடி வினா, குதிரைப் பந்தய ஒளிபரப்பு. எதைக் கொடுத்தாலும் பதற்றமில்லாமல் செய்கிறவர் என்ற பெயர் அப்போதே வந்துவிட்டது.

1973இல் சக கனடியரான ஆலன் திக் அவரை அமெரிக்காவுக்கு அழைத்தார். முதலில் நடத்திய நிகழ்ச்சி நிலைக்கவில்லை. அடுத்தடுத்து வந்தவற்றிலும் பல ஓரிரு ஆண்டுகளுக்குமேல் ஓடவில்லை. அந்தப் பத்தாண்டு, தோல்விப் பட்டியல் என்றே சொல்லலாம். ஆனால் தொலைக்காட்சியில் ஒரு முகம் பழகிப்போவதற்கு வெற்றிதான் வேண்டும் என்றில்லை. திரும்பத் திரும்பத் தென்பட்டால் போதும்.

ஒரே சமயத்தில் மூன்று நிகழ்ச்சிகளை நடத்தினார் என்பது உண்மையா?

உண்மை. 1991இல் சில மாதங்கள் 'ஜெப்பர்டி!', 'கிளாசிக் கான்சென்ட்ரேஷன்', 'டு டெல் த ட்ரூத்' மூன்றும் அவர் கையில் இருந்தன. அமெரிக்கத் தொலைக்காட்சியில் அதற்கு முன் யாரும் அப்படிச் செய்ததில்லை.

எல்லாம் தெரிந்தவர்போலப் பேசுவாரே, உண்மையிலேயே அவ்வளவு அறிவாளியா?

இந்தக் கேள்வி அவரை வாழ்நாள் முழுக்கத் துரத்தியது. விடை அவர் முன்னால் தாளில் இருக்கும், அவ்வளவுதான் விஷயம் என்று அவரே சொல்லிவிடுவார். தன் வயதுக்காரர்களுடன் போட்டியிட்டால் சமாளிப்பேன், நல்ல முப்பது வயதுக்காரர் எதிரே நின்றால் தோற்றுவிடுவேன் என்றும் சொல்லியிருக்கிறார்.

ஆனால் வெறுமனே தாளைப் பார்த்துப் படித்தார் என்று நினைத்தால் அதுவும் தவறு. படப்பிடிப்பு நாளன்று விடிகாலையிலேயே அரங்குக்கு வந்துவிடுவார். ஒரு நாளில் ஐந்து நிகழ்ச்சிகள் படமாகும். ஒரு நிகழ்ச்சிக்கு 61 குறிப்புகள் (தொகுப்பாளர் வாசிக்கும் 'விடை'களைத்தான் குறிப்புகள் என்கிறேன்) என்றால் ஐந்துக்கும் சேர்த்து 305. அத்தனையையும் உட்கார்ந்து படித்து, பிறமொழிப் பெயர்களின் உச்சரிப்பை அகராதியில் சரிபார்த்து, அழுத்தம் எங்கே விழ வேண்டும் என்று தாளில் குறிவைத்துக்கொள்வார். பிறகு எழுத்தாளர்களுடன் கூட்டம். எந்தக் குறிப்பு அளவுக்கு மீறிக் கடினம், எது குழப்பம் என்று சொல்லி மாற்றச் சொல்வார். பிரெஞ்சுப் பெயர் வந்தால் அவர் உச்சரிக்கும் விதத்தில் கொஞ்சம் பெருமிதம் தெறிக்கும். பலருக்கு எரிச்சல் ஊட்டியது அதுதான். பிரெஞ்சு பேசும் தாய்க்குப் பிறந்தவர் வேறு எப்படி உச்சரிப்பார் என்று நான் கேட்பேன்.

அவர் படிக்கும் வேகம் ஆட்டத்தைப் பாதித்ததா?

பாதித்தது, பார்வையாளர்கள் நினைப்பதைவிட அதிகமாகவே. தொடக்கத்தில் குறிப்பைப் படித்துக்கொண்டிருக்கும்போதே போட்டியாளர்கள், பதில் சொல்லும் வாய்ப்பைப் பிடிப்பதற்கான பொத்தானை அழுத்தலாம். இதனால் வீட்டில் பார்ப்பவர்களுக்குக் குறிப்பை முழுதாகக் கேட்கும் வாய்ப்பே இல்லாமல் போனது. 1985 முதல் விதி மாறியது. தொகுப்பாளர் கடைசி அசையைச் சொல்லி முடித்ததும், மேடைக்கு வெளியே இருக்கும் ஓர் ஊழியர் விசையைத் தட்டுவார். போட்டியாளர்களுக்கு மட்டும் தெரியும்படி விளக்குகள் எரியும். அதற்குப் பிறகு அழுத்தினால்தான் செல்லும். முந்திக்கொண்டு அழுத்தினால் கால் நொடிக்குப் பொத்தான் வேலை செய்யாது. அந்தக் கால் நொடியில் பக்கத்தில் நிற்பவர் தட்டிச் சென்றுவிடுவார்.

விளக்கைப் பார்த்து அழுத்துகிறவர்கள் பெரும்பாலும் பின்தங்குவார்கள். தேர்ந்தவர்கள் வீட்டிலேயே பல மாதம் நிகழ்ச்சியைப் பார்த்து, ட்ரெபெக் ஒரு வாக்கியத்தை எங்கே இறக்குகிறார், எங்கே மூச்சு விடுகிறார் என்று பழகிக்கொண்டு வருவார்கள். தாளம் தட்டப் பழகுவதுபோல அவருடைய பேச்சுக்கு விரல் பழகிவிடும்.

போட்டியாளர்களுடன் நெருக்கமாகப் பழகுவாரா?

பழக அனுமதி இல்லை. தொகுப்பாளருக்கு அன்றைய விடைகள் தெரியும். 1960 சட்டத்தின் நிழல் இன்றும் அந்த அரங்கில் விழுகிறது. எனவே போட்டியாளர்களும் அவரும் மேடைக்கு வெளியே சந்திக்காதபடி ஏற்பாடு இருந்தது. பல ஆண்டுகள் கனவு கண்டு அங்கே வந்தவர், ட்ரெபெக்கை முதன்முதலில் நேரில் பார்ப்பது விளக்குகள் எரிந்து இசை முழங்கும்போதுதான். ஆட்டம் முடிந்து சில நிமிடப் பேச்சு, ஒரு புகைப்படம், அத்துடன் சரி.

ஆனால் அரங்கில் உட்கார்ந்திருக்கும் பார்வையாளர்களோடு தடையில்லை. விளம்பர இடைவேளைகளில் அவர்கள் முன்னால் வந்து நின்று, கேள்வி கேளுங்கள் என்பார். மீசை, மது, குடும்பம் எது பற்றிக் கேட்டாலும் பதில் வரும். நாள் முழுக்க விடைகளைப் படிப்பவர் அந்த இடைவேளையில் தானே விடை சொல்ல நின்றார். கேமரா ஓடாத அந்த நிமிடங்களில்தான் அவர் மிக வேடிக்கையாகப் பேசுவார் என்று போய்வந்தவர்கள் சொல்வதுண்டு.

'நட்சத்திரம்' என்று அறிமுகப்படுத்த வேண்டாம் என்றாராமே?

ஆமாம். 1984 முதல் நிகழ்ச்சியின் அறிவிப்பாளராக இருந்தவர் ஜானி கில்பர்ட். நிகழ்ச்சித் தொடக்கத்தில் தன்னை 'நட்சத்திரம்' என்று சொல்லாமல் 'தொகுப்பாளர்' என்று மட்டும் சொல்லும்படி ட்ரெபெக் கேட்டுக்கொண்டார். நட்சத்திரங்கள் போட்டியாளர்கள்தான் என்பது அவர் வாதம்.

அடக்கம் என்று இதைப் புகழ்கிறார்கள். எனக்கு இது தொழில் நுணுக்கமாகவே படுகிறது. ஒரு நிகழ்ச்சியை நாற்பது ஆண்டுகள் நெருங்க நடத்துகிறவர் ஒவ்வொரு நாளும் தன்னைக் காட்டிக்கொண்டே இருந்தால் மக்களுக்குச் சலித்துவிடும். அவர் கொடுத்தது குறைவான அளவு: ஒரு புருவத் தூக்கல், தவறான பதிலுக்கு ஓர் அனுதாப முனகல், அபூர்வமாக ஒரு நையாண்டி. 2018 பிப்ரவரியில் அமெரிக்கக் கால்பந்து பற்றிய ஐந்து குறிப்புகளுக்கும் மூன்று போட்டியாளர்களும் வாயே திறக்கவில்லை. ஒவ்வொன்றாகக் கடந்து போகப் போக அவர் குரலில் ஏறிய கேலி வாரக்கணக்கில் பேசப்பட்டது. தினமும் கேலி செய்பவராக இருந்திருந்தால் அது யாருக்கும் நினைவில் நின்றிருக்காது.

திரைப்படங்களிலும் தொடர்களிலும் எப்படியெல்லாம் வந்தார்?

முழுப் பட்டியல் நீளம். எனக்குப் பிடித்த சிலவற்றை மட்டும் சொல்கிறேன்.

'சியர்ஸ்' என்ற நகைச்சுவைத் தொடரில் கிளிஃப் என்றொரு தபால்காரர். மதுக்கடையில் உட்கார்ந்து கேட்காதவர்களுக்கும் பொது அறிவு ஊட்டுகிறவர். 1990இல் ஒளிபரப்பான அத்தியாயத்தில் அவர் 'ஜெப்பர்டி!'க்குப் போகிறார். பீர், தபால் தலைகள், தாயும் மகனும் என்று தலைப்புகளெல்லாம் அவருக்கென்றே அமைகின்றன. 22,000 டாலர் சேர்கிறது. சேர்த்த பணத்தைப் பந்தயம் கட்டிப் பதிலை எழுதித் தர வேண்டிய கடைசிக் குறிப்பில் மூன்று திரை நட்சத்திரங்களின் இயற்பெயர்கள். அத்தனை பணத்தையும் பந்தயம் கட்டிவிட்டு கிளிஃப் எழுதிய பதில்: 'என் சமையலறைக்கு இதுவரை வராத மூன்று பேர் யார்?' பணம் முழுதும் போகிறது. மறுக்க முடியாத பதில்தான், ஆனால் தவறு. இதில் ட்ரெபெக் நடிக்கவே இல்லை. எந்த ஒரு சாதாரணப் போட்டியாளரிடமும் சொல்வதுபோலவே தவறு என்று சொல்கிறார். அந்த அத்தியாயத்தின் சிரிப்பு முழுக்க அந்தச் சாதாரணத் தொனியில்தான் நிற்கிறது.

1992இல் வந்த 'வைட் மென் கான்ட் ஜம்ப்' படத்தில் ரோசி பெரஸ் நடித்த பெண் நெடுநாள் பாடம் படித்து 'ஜெப்பர்டி!'யில் வெல்கிறாள். அங்கேயும் தொகுப்பாளர் அவரே.

'தி எக்ஸ் ஃபைல்ஸ்' தொடரின் 1996 அத்தியாயம் ஒன்று இதில் தனி ரகம். வேற்றுக்கிரக விஷயங்களை மூடிமறைக்க வரும் கறுப்பு உடை ஆசாமிகளில் ஒருவராக ட்ரெபெக் வருகிறார். சாட்சி சொல்பவர், வந்தவர் அலெக்ஸ் ட்ரெபெக் மாதிரியே இருந்தார் என்கிறார். யார் நம்புவார்கள்? சாட்சியைப் பைத்தியமாக்குவதற்கு இதைவிட நல்ல வழி இல்லை. நாடு முழுவதும் அறிந்த முகம் என்பதாலேயே பலித்த நகைச்சுவை இது.

நகைச்சுவை நடிகர்கள் தன்னைக் கிண்டல் செய்ததை எப்படி எடுத்துக்கொண்டார்?

ரசித்தார். 'சாட்டர்டே நைட் லைவ்' நிகழ்ச்சியில் 1996 முதல் வில் ஃபெரல் ட்ரெபெக்காக வேடமிட்டு, அடிமுட்டாள்களான பிரபலங்களிடம் மாட்டிக்கொண்டு பொறுமை இழக்கும் தொகுப்பாளரை உருவாக்கினார். டாரல் ஹாமண்ட் போட்ட, நடிகர் ஷான் கானரியின் வேடம் அந்தப் போலி ட்ரெபெக்கை வசைபாடிக்கொண்டே இருக்கும். 2002இல் ஃபெரல் அந்தக் குழுவிலிருந்து விடைபெற்ற அத்தியாயத்தில் உண்மையான ட்ரெபெக்கே மேடைக்கு வந்தார்.

சில தலைமுறை இளைஞர்களுக்கு ஃபெரலின் ட்ரெபெக்தான் முதலில் அறிமுகம், அசல் பிறகுதான்.

அந்த மீசை?

1970களில் வைத்தார், 2001இல் ஒரு நாள் தோன்றியபடி தானே மழித்துவிட்டார். செய்தித்தாள்கள் எழுதின, மக்கள் கடிதம் போட்டார்கள். ஒரு மனிதர் முகம் மழித்துக்கொண்டதற்கு இத்தனை அமர்க்களமா என்று அவருக்கே வியப்பு. 2018இல் தாடியுடன் வந்தபோதும் இதே கதை.

அவர் எப்போதாவது சறுக்கியதுண்டா?

ஒரு முறை, நன்றாகவே. 2018 அக்டோபர் 1 அன்று பென்சில்வேனியா மாநில ஆளுநர் தேர்தலில் நின்ற இருவருக்கிடையே ஹெர்ஷி நகரில் விவாதம் நடந்தது. நடத்த ட்ரெபெக்கை அழைத்தார்கள். மொத்தமே முக்கால் மணி நேரம்தான். அவர் வேட்பாளர்களைக் குறுக்கிட்டுத் தன் கருத்துகளையும் நகைச்சுவையையும் அள்ளி விட்டார். கூட்டத்தில் முணுமுணுப்பு, மறுநாள் பத்திரிகைகளில் கடும் விமர்சனம். பிறகு வருத்தம் தெரிவித்தார்.

பழகிய அரங்கில் தன்னை எத்தனை அளந்து கொடுத்தார் என்பது இதைப் பார்த்தால்தான் புரியும். அங்கே 61 குறிப்புகள் அவரைக் கட்டிப்போட்டிருந்தன, இங்கே கட்டு இல்லை.

திருடனைத் துரத்திக் காலை உடைத்துக்கொண்டார் என்கிறார்களே?

கால் உடையவில்லை, குதிகால் தசைநார் அறுந்தது. 2011 ஜூலையில் சான் ஃபிரான்சிஸ்கோ ஓட்டலில் நள்ளிரவுக்குப் பிறகு அறைக்குள் புகுந்த ஒரு பெண்ணை, உள்ளாடையோடு எழுந்து தாழ்வாரத்தில் துரத்தினார். அப்போது வயது 71. திருடிய பெண் பிடிபட்டார். பள்ளி மாணவர்களின் புவியியல் போட்டியை நடத்த அங்கே வந்திருந்த மனிதர் ஊன்றுகோலுடன் மேடையேறி இந்தக் கதையைச் சொன்னார். நேஷனல் ஜியாக்ரஃபிக் அமைப்பின் அமெரிக்கப் பள்ளி மாணவர் புவியியல் போட்டியை அவர் 25 ஆண்டுகள் நடத்தியிருக்கிறார்.

கின்னஸ் சாதனை எதற்காக?

ஒரே நிகழ்ச்சியை அதிக முறை நடத்தியதற்காக. 2014 ஜூன் 13 அன்று ஒளிபரப்பான 6,829ஆவது நிகழ்ச்சியோடு, அதுவரை அந்தச் சாதனையை வைத்திருந்த தொகுப்பாளர் பாப் பார்க்கரைத் தாண்டினார்.

அவர் காலத்தின் மறக்க முடியாத போட்டிகள் எவை?

கென் ஜென்னிங்ஸ். வென்றவர் தொடர்ந்து ஐந்து நாள்தான் ஆடலாம் என்ற வரம்பு 2003இல் நீக்கப்பட்ட பிறகு, 2004இல் வந்து தொடர்ந்து 74 ஆட்டங்கள் வென்று 25,20,700 டாலர் குவித்தவர். 75ஆவது ஆட்டத்தின் கடைசிக் குறிப்பு, ஆண்டில் நான்கு மாதம் மட்டும் வேலை செய்யும் 70,000 ஊழியர்களைக் கொண்ட நிறுவனம் எது என்பது. வருமான வரிக் கணக்கு எழுதிக்கொடுக்கும் எச் அண்ட் ஆர் பிளாக் என்பது விடை. ஜென்னிங்ஸ் ஃபெட்எக்ஸ் என்று எழுதித் தோற்றார்.

இன்னொன்று 2011 பிப்ரவரியில் நடந்தது. ஐ.பி.எம். உருவாக்கிய வாட்சன் கணினி, ஜென்னிங்ஸையும் இன்னொரு சாதனைப் போட்டியாளரான பிராட் ரட்டரையும் எதிர்கொண்டு 77,147 டாலருடன் வென்றது. ஆனால் 'அமெரிக்க நகரங்கள்' என்ற தலைப்பில் இறுதிக் குறிப்புக்கு அது சொன்ன பதில், டொரொன்டோ. கனடாவில் பிறந்த தொகுப்பாளர் முன்னிலையில்!

நோய் வந்த பிறகும் ஏன் நிகழ்ச்சியை விடவில்லை?

2019 மார்ச் 6 அன்று ஒரு சிறு காணொளியில் தனக்கு நான்காம் நிலைக் கணையப் புற்றுநோய் என்று அவரே சொன்னார். தகவல் கசிந்து திரிந்து போவதைவிடத் தன் வாயாலேயே வரட்டும் என்று எண்ணினார். அரங்கில் நின்று, கோட்டும் டையும் அணிந்து, குறிப்பு வாசிக்கும் அதே குரலில் பேசினார். எதிர்த்துப் போராடித்தான் ஆக வேண்டும், ஏனென்றால் ஒப்பந்தப்படி இன்னும் மூன்று ஆண்டு இந்த நிகழ்ச்சியை நடத்தியாக வேண்டும் என்று வேடிக்கையும் சேர்த்தார்.

அதுவரை பார்வையாளர்களுக்குத் தெரிந்த ட்ரெபெக் ஒரு மேசையும் தாள்களும்தான். இப்போது நோயாளியான ட்ரெபெக்கும் திரைக்கு வந்தார். சிகிச்சையின் வலி, திடீரெனக் கவியும் சோர்வு, அழுகை இவற்றைப் பேட்டிகளில் ஒளிக்காமல் பேசினார். 2020 மார்ச்சில் ஓராண்டைக் கடந்தபோது, இந்த நிலையில் ஓராண்டு உயிர் வாழ்பவர்கள் 18 சதவீதம் பேர்தான் என்ற கணக்கையும் சொல்லி, எல்லா நாளும் நல்ல நாளாக இருந்ததாக நடிக்க மாட்டேன் என்றார்.

2019 நவம்பரில் ஒரு நிகழ்ச்சி. பிரவுன் பல்கலைக்கழக மாணவர் ஒருவர் இறுதிக் குறிப்புக்கு விடை தெரியாமல், 'உங்களை நேசிக்கிறோம் அலெக்ஸ்' என்ற பொருள்பட, கேள்வி வடிவிலேயே எழுதினார். ட்ரெபெக் அதை வாசிக்கும்போது தொண்டை அடைத்தது. உடனே சமாளித்துக்கொண்டு, பந்தயத்தில் எவ்வளவு போனது என்று பார்த்தார். மாணவருக்கு மிஞ்சியது 5 டாலர். விதி விதிதானே.

வேலை அவருக்கு மருந்தாக இருந்தது என்று எளிதாகச் சொல்லிவிடலாம். ஆனால் படப்பிடிப்பு நாள்களில் இடைவேளைகளில் வலியில் துடித்ததை அவரே சொல்லியிருக்கிறார். இசை ஒலித்ததும் நிமிர்ந்து நின்றுவிடுவார். அது நடிப்பா, அவரா? நாற்பது ஆண்டு அனுபவத்தில் இரண்டுக்கும் இடையே இருந்த கோடு அழிந்துவிட்டது என்றே எண்ணுகிறேன்.

கடைசி நிகழ்ச்சியில் விடைபெற்றுக்கொண்டாரா?

இல்லை. விடைபெறும் நாள் வந்தால் நிகழ்ச்சி முடிவில் தனக்கு 30 நொடி ஒதுக்கிவிடும்படி இயக்குநரிடம் கேட்பேன் என்று ஒரு பேட்டியில் சொல்லியிருந்தார். அந்த 30 நொடி அவருக்குத் தேவைப்படவே இல்லை. 2020 அக்டோபர் 29 அன்று நடந்த படப்பிடிப்புதான் கடைசி என்று அன்று அவருக்குத் தெரியாது. நவம்பர் 8 அன்று லாஸ் ஏஞ்சலிஸ் வீட்டில் 80ஆம் வயதில் இறந்தார்.

அந்தக் கடைசி வார நிகழ்ச்சிகள் 2021 ஜனவரி 4 முதல் 8 வரை ஒளிபரப்பாயின. முதல் நாள் தொடக்கத்தில், பெருந்தொற்றால் அல்லல்படுகிறவர்களுக்குக் கையையும் மனத்தையும் திறந்து உதவும்படி கேட்டுக்கொண்டார். எட்டாம் தேதி நிகழ்ச்சியை அவர் வழக்கம்போலவே முடித்தார்; அதன் பின் அவருக்கு அஞ்சலியாக ஒரு காணொளி ஒளிபரப்பானது.

குடும்பம்?

முதல் மணம் 1974இல், 1981இல் முறிந்தது. 1990இல் ஜீன் கரிவனை மணந்தார். ஒரு மகன், ஒரு மகள். வீட்டில் குழாய், மின்கம்பி எது பழுதானாலும் தானே கருவிப்பெட்டியை எடுப்பவர் என்று பேர்.

அவருடைய உடைகளை என்ன செய்தார்கள்?

சிறையிலிருந்து வெளிவந்தவர்களுக்கும் வீடற்றவர்களுக்கும் வேலை தேடித்தரும் 'டோ ஃபண்ட்' அமைப்புக்குக் குடும்பத்தார் கொடுத்துவிட்டார்கள். யோசனை மகனுடையது. வேலைக்கான நேர்காணலுக்குப் போகிறவர்கள் அணிவதற்காக 14 கோட் சூட்டுகள், 58 சட்டைகள், 300 டைகள் இன்னும் பல. ஒரே நாளில் ஐந்து நிகழ்ச்சி எடுத்தாலும் ஐந்து வெவ்வேறு நாள்களாகத் தெரிய வேண்டுமே. ஒவ்வொன்றுக்கும் உடை மாற்றியாக வேண்டும். 300 டை சேர்ந்த ரகசியம் அதுதான்.

அவர் நினைவாக என்ன இருக்கிறது?

கல்வர் சிட்டியில் உள்ள சோனி ஸ்டுடியோவில் நிகழ்ச்சி படமாகும் அரங்குக்கு 2021இல் அவர் பெயர் வைத்தார்கள். அவர் பெரும் நன்கொடை அளித்த ஒட்டாவா பல்கலைக்கழகத்தில் அவர் பெயரில் உரையாடல் மன்றம் நடக்கிறது. 2024 ஜூலை 22 அன்று அமெரிக்க அஞ்சல் துறை தபால் தலை வெளியிட்டது. அதில் அவர் படம் இல்லை. குடியுரிமை பெற்ற இந்த அமெரிக்கர் 37 சீசன்கள் 'ஜெப்பர்டி!'யை நடத்தினார் என்ற குறிப்பு நீலப் பின்னணியில் இருக்கும். கீழே தலைகீழாக, 'அலெக்ஸ் ட்ரெபெக் யார்?' சியர்ஸ் தபால்காரர் இருந்திருந்தால் முதல் ஆளாய் வாங்கியிருப்பார்.

இப்போது யார் நடத்துகிறார்?

2021இல் விருந்தினர்கள் பலர் மாறி மாறி நடத்திப் பார்த்தார்கள். நிரந்தரத் தொகுப்பாளராக அறிவிக்கப்பட்ட தயாரிப்பாளர் மைக் ரிச்சர்ட்ஸ் பழைய சர்ச்சைப் பேச்சுகள் வெளிவந்ததால் உடனே விலக நேர்ந்தது. பின்பு மேயிம் பியாலிக்கும் கென் ஜென்னிங்ஸும் பகிர்ந்து நடத்தினார்கள். 2023 டிசம்பர் முதல் ஜென்னிங்ஸ் மட்டுமே. 74 முறை வென்றவர் இப்போது விடைத்தாளை வைத்துக்கொண்டு நிற்கிறார்; விதிப்படி அவரும் போட்டியாளர்களை மேடைக்கு வெளியே சந்திப்பதில்லை.